வாரேன்

கொழுந்து மடுவத்தில் தராசு என் பொறுப்பு.
முள் நின்ற இடத்தை வாசிப்பேன், எழுதுவேன்.
அதுவரை எனக்குத் தமிழ் சரியாகத்தான் வரும்.

அதற்குப் பிறகுதான் சிக்கல்.
"சாப்பிட்டாச்சா தம்பி?" என்பார்கள்.
இரண்டு ரொட்டி, கட்டைச் சம்பல்,
ஒன்று அடியில் கருகிவிட்டது, அதைச் சுரண்டி,
என்று நான் முடிப்பதற்குள்
கேட்டவர் கோயில் திருப்பத்தைத் தாண்டியிருப்பார்.

ஒரு சீ.ஆர். கொப்பி வாங்கினேன், எண்பது பக்கம்.
சாப்பிட்டாச்சா: கேள்வி அல்ல, வணக்கம்.
சும்மாதான் வந்தேன்: சும்மா அல்ல, அநேகமாகக் கடன்.
புறப்பட்டவரிடம் எங்கே என்று கேட்கக் கூடாது.
பிள்ளை மெலிஞ்சிட்டான் என்று தாய் சொன்னால்
ஆமாம் என்று சொல்லக் கூடாது.
மெலிந்திருந்தாலும்.

துரைக்குத் தனிப் பக்கம்.
ஆளுக்கு இரண்டு கிலோ தண்ணிக் கழிவு என்றார் ஒரு நாள்.
"இன்னைக்கு மழையே இல்லையே, சேர்" என்றேன்.
வானத்தைக் காட்டவும் செய்தேன்.
கூடையோடு நின்ற பெண்கள்
முக்காட்டுக்குள் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.
மறுநாளிலிருந்து ஒரு மாதம் எனக்கு உர ஸ்டோர்.
சரியானது வேறு, சொல்லக்கூடியது வேறு
என்று எழுதி, அடியில் கோடும் போட்டேன்.

போறேன் என்று சொல்லாதே,
போயிட்டு வாரேன் என்று சொல்.
இதைப் படிக்க எனக்கு முப்பது வயது ஆனது.
திரும்பி வராத இடத்துக்கும் வாரேன் என்பதா,
பொய்தானே, என்று வெகுநாள் முரண்டு பிடித்தேன்.
பழகியபின் விடவில்லை.
ஹட்டன் பஸ் கொண்டக்டரிடம்கூடச் சொன்னேன்.
அவருக்குத் தமிழ் தெரியாது. தலையாட்டினார்.

அந்தத் தைரியத்தில்தான்
அன்னகாமு அக்கா வீட்டு எழவுக்குப் போனேன்.
சின்னக்காளை அண்ணன் பெட்டிக்குள்,
புதுச் சட்டை, பொத்தான் ஒன்று மாறிப் போட்டிருந்தது.
அதைச் சொல்லவில்லை. நாக்கைக் கடித்து நின்றேன்.
எல்லாம் சரியாகச் செய்துவிட்ட நிறைவில்
கை கூப்பி, தெளிவாக,
"போயிட்டு வாரேன்க்கா" என்றேன்.

வாசலில் தப்படித்தவர்களின் கை நின்றது.
அன்றைக்குத் தப்பு என்னுடையது.
யாரோ சட்டைக் கொலரைப் பிடித்து வெளியே இழுத்தார்கள்.
"எழவு வீட்டுல வாரேன்னு சொல்லுவாங்களா, கூறுகெட்டவனே?
ஒண்ணும் சொல்லாம எந்திரிச்சிப் போகணும்."
கொப்பியில் இது இல்லை.

ஆனால் சொன்னது சொன்னதுதானே.
பதினாறு முடிந்த பிறகு ஒரு ஞாயிறு
மஸ்கெலியாவில் சீனி அரைக் கிலோவும் பிஸ்கட்டும் வாங்கி
அந்த லயத்துக்கு ஏறினேன். நல்ல மழை.
அக்கா கதவைப் பாதி திறந்தாள்.
"என்ன?"
"வாரேன்னு சொன்னேன்ல."

பிளேன்டீ வந்தது. நான் கேட்காமலே பேசினாள்.
பாதியைத் தகரக் கூரை தின்றது. கேட்டவரை இவ்வளவு:
அன்றைக்கு அத்தனை பேர் வந்தார்கள்,
எல்லோரும் முறைப்படி ஒன்றும் சொல்லாமல் போனார்கள்,
முறைப்படி ஒருவரும் திரும்பி வரவில்லை.

பொத்தான் விஷயத்தை அப்போது சொல்லிவிட்டேன்.
கோப்பையைக் கீழே வைத்தாள்.
"நான்தான் போட்டேன். கை நடுங்கிச்சு."
அழுதாளா சிரித்தாளா, எனக்கு முகம் வாசிக்க வராது.
தோள் குலுங்கியது. அதுவரைதான் என்னால் எழுத முடியும்.

கிளம்ப வேண்டும். வாசலில் குடையை விரித்தேன்.
இப்போது எதைச் சொல்வது? கேட்டே விட்டேன்.
"அக்கா, இது இன்னும் எழவு வீடா?"

அவள் மகன் திரும்பிப் பார்த்த பார்வை
கொப்பியில் ஏற்கெனவே இருக்கிறது, எட்டாம் பக்கம்.
அவளோ யோசித்தாள். நிஜமாகவே.
படத்தைப் பார்த்தாள், அடுப்பைப் பார்த்தாள்,
ஆணியில் தொங்கிய ஆண் மழைக்கோட்டைப் பார்த்தாள்.
"தெரியலியே தம்பி."

படிக்கட்டில் செம்மண் தண்ணீர் இறங்கியது.
"மழை கொஞ்சம் விடட்டும்" என்றாள்.
அது எந்தப் பக்கத்தில் வரும் என்று தெரியாமல்
குடையை மடக்கினேன்.